மந்தாபி ப்ளூரே: ஒரு மணியார்டரும் எட்டு வயதுக் குடியரசும்

25,000 சிஎஃப்ஏ பிராங்க் (செனகலின் நாணயம்). 1968இல் இதன் மதிப்பு 500 பிரெஞ்சு பிராங்க். பாரிஸில் தெரு கூட்டும் அப்து என்ற இளைஞன், செனகலின் தலைநகர் டக்காரில் இருக்கும் தன் மாமன் இப்ராஹிமா ஜெங்குக்கு இந்தத் தொகையை மணியார்டரில் அனுப்புகிறான். கூடவே வரும் கடிதத்தில் கணக்கு தெளிவாக இருக்கிறது: 20,000 அவனுக்காகப் பத்திரமாக வைத்திருக்க, 3,000 அவன் அம்மாவுக்கு, 2,000 மாமனுக்கு. ஆக, நூற்றுக்கு எட்டுதான் ஜெங்குடையது. ஆனால் தெருவுக்கு எட்டிய செய்தி 25,000. இந்த இடைவெளியில்தான் ‘மந்தாபி’ படம் முழுதும் நடக்கிறது.

செனகல் 1960இல் பிரான்சிடமிருந்து விடுதலை பெற்றது. செனகல் இயக்குநர் உஸ்மான் செம்பேன் ‘மந்தாபி’யை எடுத்த 1968இல் குடியரசுக்கு வயது எட்டு. அதே ஆண்டு மே மாதம் டக்காரில் மாணவர் கிளர்ச்சியும் பொது வேலைநிறுத்தமும் நடந்தன. படத்தில் அவை இல்லை. கொடியேற்றம் இல்லை, தலைவர் உரை இல்லை, வெள்ளைக்கார வில்லனும் இல்லை. மணியார்டரை மாற்ற முடியாமல் அலையும் நடுத்தர வயது தாண்டிய ஒரு மனிதரும் அவர் ஏறி இறங்கும் கவுன்டர்களும்தான் இருக்கின்றன. விடுதலைக்குப் பிந்தைய ஆப்பிரிக்காவைப் பற்றி ஒரே ஒரு படம் பார்க்க நேரம் உண்டு என்பவர் இதைப் பார்க்க வேண்டும். அமெரிக்காவின் க்ரைட்டீரியன் நிறுவனம் 2021இல் இதை 4கே மீட்டெடுப்பிலிருந்து ப்ளூரேயாகவும் டிவிடியாகவும் கொண்டுவந்தது. இந்த மதிப்புரை ப்ளூரே பற்றியது. வட்டு நல்ல வட்டு. ஆனால் இந்தியாவிலும் இலங்கையிலும் இருப்பவர்கள் வாங்கும்முன் கவனிக்க வேண்டிய பெரிய சிக்கல் ஒன்று உண்டு. அது கீழே வருகிறது. கதையின் முடிவையும் இங்கே பேசியிருக்கிறது, படத்தை முதலில் பார்த்துவிட எண்ணுபவர்கள் தொழில்நுட்பப் பத்திகளை மட்டும் படிக்கலாம்.

தலைப்பிலிருந்தே தொடங்கலாம். ‘மந்தா’ என்பது மணியார்டருக்கான பிரெஞ்சுச் சொல். ‘பி’ என்பது செனகலில் பரவலாகப் பேசப்படும் வொலொஃப் மொழியில் பெயர்ச்சொல்லுக்குப் பின்னால் ஒட்டும் சுட்டு. இரண்டும் சேர்ந்து ‘அந்த மணியார்டர்’. நாம் ‘மணியார்டர்’ என்ற ஆங்கிலச் சொல்லை எடுத்து ‘மணியார்டரை’, ‘மணியார்டருக்கு’ என்று நம் உருபைச் சேர்ப்பதுபோல, வொலொஃப் பேசுபவர்கள் பிரெஞ்சுக்காரன் விட்டுப்போன சொல்லுக்குத் தங்கள் வாலை ஒட்டியிருக்கிறார்கள். பணத்தின் பெயரிலும் இதே கதைதான். 1945இல் சிஎஃப்ஏ என்பதன் விரிவு ‘பிரெஞ்சு ஆப்பிரிக்கக் காலனிகள்’. விடுதலைக்குப் பின் எழுத்துகள் அப்படியே இருக்க, விரிவு மட்டும் ‘ஆப்பிரிக்க நிதிச் சமூகம்’ என்று மாறியது. பிரெஞ்சு பிராங்கோடு அதன் மாற்று விகிதமும் முன்பு போலவே கட்டப்பட்டிருந்தது. 50 சிஎஃப்ஏவுக்கு ஒரு பிராங்க் என்ற கணக்கு 1994 வரை மாறவில்லை.

ஜெங்குக்கு வேலை இல்லை. இரண்டு மனைவிகள், மெத்தி, ஆராம். வீடு நிறையப் பிள்ளைகள். தபால்காரர் சீட்டைக் கொண்டுவந்து கொடுக்கும்போது ஜெங் வீட்டில் இல்லை. மனைவிகள் அந்தச் சீட்டின் பலத்திலேயே ம்பார்க்காவின் கடையில் கடனுக்கு அரிசி வாங்கிப் பொங்கிவிடுகிறார்கள். பணம் கைக்கு வருமுன்னே செலவு தொடங்கியாயிற்று. அதன்பிறகு அக்கம்பக்கத்தார் ஒவ்வொருவராக வாசலுக்கு வருகிறார்கள். ஒருவருக்கு ஒரு படி அரிசி, இன்னொருவருக்குக் கைமாற்று. ஜெங்குக்கு இல்லை என்று சொல்லத் தெரியாது, சொல்லவும் கூடாது. பெரிய மனிதர் என்ற பெயர்தான் அவரிடம் மிஞ்சியிருக்கும் ஒரே சொத்து. மசூதிக்குப் போகும்போது போடும் அகன்ற பூபூ அங்கியைத் தோளில் மடித்து மடித்து ஏற்றிக்கொண்டு அவர் நடக்கும் நடையில் அந்தப் பெயர் தெரிகிறது. மக்கூரேதியா கேய் இந்த வேடத்தில் காட்டும் உடல்மொழி படத்தின் பெரிய பலம். சாப்பிட்டு முடித்து ஏப்பம் விடும் ஜெங்கும், கவுன்டர் கம்பிக்கு முன்னால் குரல் தாழ்ந்து நிற்கும் ஜெங்கும் வேறு வேறு அளவுள்ள மனிதர்களாகவே தெரிகிறார்கள்.

இனி தாள் வேட்டை. தபாலாபீஸில் கடிதத்தை வாசித்துச் சொல்ல எழுத்தர் ஒருவர் உட்கார்ந்திருக்கிறார், அவருக்குக் கூலி. (இந்த எழுத்தராக வருபவர் இயக்குநர் செம்பேனேதான்.) பணம் கேட்டால் அடையாள அட்டை கேட்கிறார்கள். அட்டைக்குக் காவல் நிலையம் போனால் பிறப்புச் சான்று, மூன்று போட்டோ, 50 பிராங்க் ஸ்டாம்ப். பிறப்புச் சான்றுக்கு நகராட்சி போனால் பிறந்த நாளும் மாதமும் வேண்டும். ஜெங்குக்குத் தெரிந்தது ‘1900 வாக்கில்’ என்பது மட்டும்தான். போட்டோவுக்குக் காசு கொடுத்தால் படம் விழவில்லை என்கிறார்கள். கேட்கப் போன இடத்தில் கைகலப்பாகி மூக்கில் ரத்தம். பிரான்சில் படித்துத் திரும்பிய உறவினர் ஒருவர் நகராட்சியில் ஒரு வார்த்தை சொன்னதும் நகராத தாள் நகர்கிறது. அவர் கொடுத்த காசோலையை வங்கியில் மாற்ற ஓர் இடைத்தரகன் வேண்டியிருக்கிறது, அவனுக்கும் பங்கு.

எங்கே பிசகுகிறது, ஏன் பிசகுகிறது என்று பார்த்தால் செம்பேன் எவ்வளவு நுணுக்கமாகக் கட்டியிருக்கிறார் என்று புரியும். ஒவ்வொரு மேசையும் தன் விதிப்படி சரியாகவே பேசுகிறது. பணத்தை ஆள் தெரியாமல் கொடுக்க முடியாது. சான்று இல்லாமல் அட்டை தர முடியாது. தேதி இல்லாமல் பதிவேட்டைப் புரட்ட முடியாது. கோளாறு எந்த மேசையிலும் இல்லை, மேசைகளை வரிசையாக அடுக்கியதில் இருக்கிறது. இந்த வரிசை, எல்லோருக்கும் பிறந்தநாள் பதிவாகியிருக்கும் ஒரு நாட்டுக்காகத் தைத்த சட்டை. பிரெஞ்சு செனகல் தன் மக்களை அப்படிப் பதிந்து வைக்கவில்லை. செயின்ட் லூயி, கோரே, ருஃபிஸ்க், டக்கார் என்ற நான்கு நகரங்களின் மக்களுக்கு 1916 சட்டம் குடியுரிமையை உறுதி செய்தது. மற்ற இடங்களில் பிறந்த பெரும்பான்மையினர் உரிமையற்ற குடிபடைகள். பதிவேடு ஆட்களை வகை பிரிக்கத்தான் பயன்பட்டது. விடுதலை பெற்ற அரசு அந்தக் கவுன்டர்களையும் கேள்விகளையும் அப்படியே ஏற்றுக்கொண்டு, பதில் இல்லாதவனிடம் பதில் கேட்கத் தொடங்கியது. ‘எல்லோருக்கும் தெரியும் நான் யாரென்று’ என்பதுதான் ஜெங்கின் வாதம். அவர் தெருவில் அது உண்மை. கவுன்டரில் அது செல்லாது.

வீட்டில் இன்னொரு பக்கம் தொகை கரைந்துகொண்டிருக்கிறது. அப்துவின் அம்மா தன் 3,000ஐ வாங்க ஊரிலிருந்து வந்து நிற்கிறாள். வராத பணத்துக்காக நகை அடகுக்குப் போகிறது. கடன் கேட்டு வருபவர்களை நிறுத்த, மணியார்டர் களவு போய்விட்டது என்று மனைவிகள் ஒரு பொய்யைப் பரப்புகிறார்கள். கடைசியில் ம்பாய் என்ற ‘புது ஆப்பிரிக்கா’ வியாபாரி வருகிறான்: கோட்டு, கார், நல்ல பிரெஞ்சு. தன் பெயருக்கு ஓர் அதிகாரப் பத்திரம் எழுதிக் கொடுத்தால் தானே பணத்தை எடுத்துத் தருவதாகச் சொல்கிறான். ஜெங் கையெழுத்திடுகிறார். பணத்தை எடுத்தவன் திரும்பி வந்து, அது களவு போய்விட்டது என்கிறான். மனைவிகளின் பொய் அவன் வாயிலிருந்து வார்த்தை மாறாமல் வருகிறது. ஜெங்கின் கையில் ஒரு மூட்டை அரிசியைக் கொடுத்துவிட்டுப் போகிறான். அவர் அதை வாசலில் கொட்டி ஊருக்கு வாரிக் கொடுக்கிறார்.

அரிசியைத் தனியாகக் கவனிக்க வேண்டும். படத்தில் கடன், விருந்து, கையூட்டு, ஈடு எல்லாமே அரிசியில்தான் அளக்கப்படுகிறது. செனகலின் நிலம் காலனிக் காலத்தில் வேர்க்கடலைக்கென்று திருப்பிவிடப்பட்டது. நகரத்துச் சோற்றுக்கு இந்தோசீனாவிலிருந்து நொய் அரிசி கப்பலில் வந்தது. நாக்கும் நொய்க்கே பழகிவிட்டது. அந்தப் பழக்கம் இன்றும் போகவில்லை. 2022 செப்டம்பரில் இந்தியா நொய் ஏற்றுமதியைத் தடை செய்தபோது நெருக்கடி தட்டிய நாடுகளில் செனகலும் ஒன்று. மெத்தியும் ஆராமும் அரிசிக்காக ம்பார்க்காவின் கடைவாசலில் நிற்கும் காட்சியை இந்தப் பின்னணியோடு பார்த்தால் கடைக்காரனின் நாற்காலி ஏன் அவ்வளவு உயரமாகத் தெரிகிறது என்பது விளங்கும்.

இந்த வட்டை வாங்கச் சொல்வதற்கு முதன்மைக் காரணம் ஒலி, அதாவது மொழி. சகாராவுக்குத் தெற்கே ஓர் ஆப்பிரிக்க மொழியில் எடுக்கப்பட்ட முதல் முழுநீளப் படமாக ‘மந்தாபி’யைச் சொல்கிறார்கள். அதற்கு இரண்டாண்டு முன்பு வந்த செம்பேனின் முதல் முழுநீளப் படம் பிரெஞ்சில் இருந்தது. அதில் பிரான்சில் வீட்டு வேலை செய்யும் ஜுவானா என்ற செனகல் பெண்ணுக்குப் பிரெஞ்சு சரியாக வராது. ஆனால் அவள் மனக்குரல் ஹெய்ட்டிப் பாடகி தோத்தோ பிசாந்தின் குரலில் தேர்ந்த பிரெஞ்சில் ஒலிக்கும். அந்த முரண் செம்பேனுக்குத் தெரியாதது அல்ல. பிரெஞ்சில் நாவல் எழுதினால் தன் மக்கள் படிக்க முடியாது என்றுதான் அவர் சினிமாவுக்கே வந்தார்: மார்சேய் துறைமுகத்தில் மூட்டை இறக்கி, 1956இல் முதல் நாவலை எழுதி, நாற்பதை நெருங்கும் வயதில் மாஸ்கோ கார்க்கி ஸ்டுடியோவில் மார்க் தான்ஸ்கோயிடம் தொழில் கற்றவர். ‘மந்தாபி’க்குப் பிரெஞ்சு அரசின் சினிமா நிதி கிடைத்தது, பிரெஞ்சுப் பதிப்பும் எடுத்தாக வேண்டியிருந்தது. அவர் இரண்டு முறை எடுத்தார், வொலொஃபில் ஒன்று, பிரெஞ்சில் ஒன்று. வட்டில் இருப்பது வொலொஃப் படம். பிரெஞ்சு அதில் அலுவலகத்தின் மொழியாக மட்டும் நுழைகிறது.

இங்கேதான் காதைத் தீட்டிக்கொள்ள வேண்டும். ஆங்கில சப்டைட்டில் பொருளைத் தருகிறது. எந்த மொழி பேசப்படுகிறது என்பதை நாம்தான் பிடிக்க வேண்டும். பிடிப்பது கடினமில்லை. ‘வாவ்’ என்றால் வொலொஃபில் ஆமாம்; ‘ஹாலிஸ்’ என்றால் பணம், தொண்டையிலிருந்து வரும் ஹ. ‘உய்’, ‘மிஸ்யூ’ என்று காதில் விழுந்தால் பிரெஞ்சுக்குத் தாவியாயிற்று. ஒரு குமாஸ்தா ஜெங்கிடம் வொலொஃபில் பேசத் தொடங்கி, எரிச்சல் ஏறியதும் பிரெஞ்சுக்கு மாறுகிறாரா, பக்கத்து மேசையோடு பிரெஞ்சில் பேசிவிட்டு ஜெங்கின் பக்கம் திரும்புகிறாரா என்று கவனியுங்கள். அதிகாரம் எங்கே இருக்கிறது என்பதற்கு வேறு அடையாளம் தேவையில்லை. இரண்டாம் முறை பார்க்கும்போது சப்டைட்டிலை அணைத்துவிட்டு நகராட்சிக் காட்சியை மட்டும் ஓடவிடுங்கள். சொல் புரியாமல் நிற்பது என்றால் என்ன என்பது உடம்பில் ஏறும். ஒலித்தடம் ஒற்றைத் தடம், சுருக்கப்படாதது.

படம் கண்ணுக்கு எப்படி? செம்பேனின் முதல் வண்ணப் படம் இது, ஒளிப்பதிவு பால் சுலினியாக். நாட்டை அழகு காட்டும் படமாக வண்ணம் ஆக்கிவிடுமோ என்ற கேள்வி அன்றே இருந்தது. வட்டைப் பார்த்தால் அந்தப் பயம் தேவையில்லாதது என்று தெரிகிறது. மரத்தடி நாவிதர் ஜெங்கின் தலையை மழித்து, மூக்குத் துவாரம்வரை சுத்தம் செய்யும் தொடக்கக் காட்சியில் மழித்த தோலின் மினுமினுப்பும் கத்தியின் விளிம்பும் தெளிவாக விழுகின்றன. படச்சுருளின் துகளைத் துடைத்து மெழுகுப் பொம்மை ஆக்கிவிடவில்லை. துணிகளின் நிறம் மணலுக்கும் சுண்ணாம்புச் சுவருக்கும் முன்னால் எடுப்பாக நிற்கிறது. அலுவலகங்களுக்குள் போனதும் நிறம் வற்றிவிடுகிறது. மங்கிய பிரதியில் இந்த வேறுபாடு காணாமல் போய்விடும், எனவே இணையத்தில் சுற்றும் பழைய பதிவில் பார்த்தவர்கள் பார்க்காதவர்களாகவே தங்களைக் கருதிக்கொள்ளலாம்.

குறையும் உண்டு. முடிவில் தபால்காரர் வந்து, நாட்டை மாற்ற வேண்டும், நாம்தான் மாற்ற வேண்டும் என்று பேசும் பேச்சு, அதுவரை பொருள்களைக் கொண்டே எல்லாவற்றையும் சொல்லிவந்த படத்துக்குள் மேடைப் பேச்சாக விழுகிறது. இனி நானும் ஓநாயாகிவிடுவேன் என்று ஜெங் குமுறுவதோடு நிறுத்தியிருக்கலாம். ம்பாய் பாத்திரமும் தட்டை. அவன் எப்படி அப்படி ஆனான் என்பதற்கு இடமே இல்லை. அந்த வர்க்கத்தை உள்ளே போய்ப் பார்க்க செம்பேனுக்கு இன்னும் ஏழாண்டு தேவைப்பட்டது. 1968 வெனிஸ் விழாவில் இந்தப் படம் பரிசு பெற்றது, அது தகுதியானதே.

கூடுதல் இணைப்புகளில் முதலில் பார்க்க வேண்டியது ‘தாவ்’ என்ற குறும்படம், 1970இல் செம்பேன் எடுத்தது, அரை மணிக்கும் குறைவு. வேலை தேடி டக்கார் துறைமுகத்துக்குப் போகும் இளைஞன் ஒருவன். உள்ளே நுழையவே காசு வேண்டும். ஜெங்கின் பிள்ளை வளர்ந்தால் இவன்தான். அடுத்து எழுத்தாளர் பூபக்கர் போரிஸ் ஜோப்பும் சமூகவியலாளர் மரி ஆஞ்செலிக் சவானேயும் உரையாடும் பகுதி. பிரெஞ்சில் நாவல்கள் எழுதிப் பெயர் பெற்றபின் 2003இல் வொலொஃபில் நாவல் எழுதியவர் ஜோப், அதனால் மொழி பற்றி அவர் சொல்வது கேட்கத் தகுந்தது. ஆய்வாளர் அபூபக்கர் சனோகோவின் அறிமுகம் நல்லது. பெயர் அறிமுகம் என்றாலும் படம் முடிந்தபின் போட்டுக்கொள்ளுங்கள். உடன் பணியாற்றியவர்களின் நேர்காணல் தொகுப்பு ஆர்வலர்களுக்கு.

பெட்டியின் மதிப்பைக் கூட்டுவது ப்ளூரேயோடு மட்டும் வரும் புத்தகம். படத்துக்கு அடிப்படையான செம்பேனின் 1966ஆம் ஆண்டுக் குறுநாவல் முழுதாக ஆங்கிலத்தில் அதில் இருக்கிறது, 1969 நேர்காணல் ஒன்றின் பகுதிகளும் இருக்கின்றன. டிவிடி பதிப்பில் இவை இல்லை. ஒரே ஆசிரியர் தன் கதையைத் தானே படமாக்கும்போது எதை வெட்டினார், எதை நடிகரின் தோளில் ஏற்றினார் என்று பக்கம் பக்கமாக ஒப்பிடும் வாய்ப்பு அரிது. திரைக்கதை எழுதுபவர்கள் இதற்காகவே வாங்கலாம்.

இப்போது சிக்கலுக்கு வருவோம். ப்ளூரே விற்பனைக்கு உலகத்தை A, B, C என்று மூன்று மண்டலங்களாகப் பிரித்திருக்கிறார்கள். இந்த வட்டு மண்டலம் Aவுக்குப் பூட்டப்பட்டது. இந்தியாவும் இலங்கையும் மண்டலம் C. இங்கே கடையில் வாங்கிய சாதாரண பிளேயரில் போட்டால் ‘இந்த மண்டலத்தில் ஓடாது’ என்ற அறிவிப்போடு நின்றுவிடும். சிங்கப்பூர், மலேசியா, கனடாவில் இருப்பவர்களுக்குத் தொல்லை இல்லை, அவை A. பிரிட்டனும் ஐரோப்பாவும் B. அங்கே இருப்பவர்கள் ஸ்டூடியோகனால் நிறுவனம் 2021இலேயே பிரிட்டனில் வெளியிட்ட ப்ளூரேயைத் தேடுவது எளிது. டிவிடிக்கு எண் முறை: க்ரைட்டீரியன் டிவிடி மண்டலம் 1, இந்தியா 5, இலங்கையும் 5. டிவிடியில் எல்லா மண்டலமும் ஓடும் பிளேயர்கள் நம் ஊரில் தாராளம். ப்ளூரேயில் அப்படிப்பட்டவை குறைவு, கேட்டு வாங்க வேண்டும். ‘எல்லா மண்டலமும் ஓடும்’ என்று விற்கும் பிளேயர் டிவிடிக்கு மட்டும் அப்படி, ப்ளூரேக்கு அப்படி இல்லை என்பது அடிக்கடி நடக்கும் ஏமாற்றம், ஆகவே இரண்டையும் தனித்தனியாகக் கேளுங்கள். கணினி டிரைவில் டிவிடி மண்டலத்தை மாற்ற நினைப்பவர்கள், ஐந்து முறைக்குமேல் மாற்ற முடியாது, கடைசியாக வைத்ததிலேயே பூட்டிக்கொள்ளும் என்பதை நினைவில் வையுங்கள்.

ஓடத் தொடங்கியபின் தொலைக்காட்சியில் மூன்று அமைப்புகளைச் சரிபாருங்கள். படத்தின் விகிதம் 1.66க்கு 1, இன்றைய அகலத்திரை 1.78க்கு 1. அதனால் 1920 அகலமுள்ள திரையில் இடமும் வலமும் ஏறத்தாழ 63 பிக்சல் கறுப்புப் பட்டை வரும், அது சரிதான். ‘ஜூம்’ போட்டு நிரப்பினால் மேலும் கீழும் வெட்டுப்படும், சப்டைட்டிலும் விளிம்புக்குப் போய்விடும். இரண்டாவது, ஓரங்களை விழுங்கும் ‘ஓவர்ஸ்கேன்’ அணைந்திருக்க வேண்டும்; சில டிவிகளில் அதை அணைக்க ‘ஸ்கிரீன் ஃபிட்’ அல்லது ‘ஜஸ்ட் ஸ்கேன்’ என்ற அமைப்பைத் தேர்ந்தெடுக்க வேண்டும். மூன்றாவது, அசைவை வழுவழுப்பாக்கும் வசதி. நொடிக்கு 24 சட்டகத்தில் எடுத்த படத்தை அது டிவி சீரியல் போலக் காட்டும், கட்டாயம் அணையுங்கள். ஒலிக்குப் போலி சரவுண்ட் வேண்டாம். ஒற்றைத் தடத்தை நான்கு மூலையில் சிதறவிட்டால் வசனம் குழையும்.

திரைப்படக் கழகங்களுக்குத் தனியே ஒரு வார்த்தை. வட்டு வீட்டுப் பயன்பாட்டுக்கு மட்டும். அரங்கில் போட உரிமையாளரிடம் திரையிடல் அனுமதி தனியாக வாங்க வேண்டும். அனுமதி கிடைத்தபின் பெரும்பாலான இடங்களில் பிசகுவது திரையின் உயரம். தரை சமமாக இருக்கும் கூடத்தில் நாற்காலியில் உட்கார்ந்தவரின் தலை ஏறத்தாழ நான்கடி உயரத்தில் இருக்கும். திரையின் அடி விளிம்பு அதற்குக் கீழே இருந்தால் மூன்றாம் வரிசைக்குப் பின்னால் ஒருவரும் சப்டைட்டிலைப் படிக்க முடியாது. ஓட்டிப் பார்க்கும்போது காலி நாற்காலிகளுக்கு மேலே எல்லாம் நன்றாகத் தெரியும், ஆள் வந்தபின்தான் தெரியாது. ஆகவே ஓட்டிப் பார்க்கும்போதே இரண்டு பேரை முன்வரிசையில் உட்கார வையுங்கள்.

இதற்கு அடுத்து என்ன பார்ப்பது என்றால் ‘ஹாலா’, 1975. ம்பாயின் வர்க்கத்துக்குள் செம்பேன் போன படம் அதுதான். வணிகக் கழகத்தைக் கைப்பற்றிய ஆப்பிரிக்க முதலாளிகள் பிரெஞ்சுக்காரர்களையும் அவர்கள் சிலைகளையும் வாசற்படியில் வெளியே வைக்கிறார்கள். சற்று நேரத்தில் அதே பிரெஞ்சுக்காரர்கள் பெட்டிகளோடு திரும்பி வருகிறார்கள், பெட்டி நிறைய நோட்டு. நாயகனின் காருக்குப் பிரெஞ்சு மினரல் வாட்டர், அவன் மகள் அந்தத் தண்ணீரையும் அவன் பிரெஞ்சையும் மறுத்து வொலொஃபிலேயே பதில் சொல்கிறாள். தணிக்கை வெட்டிய இடங்களைச் செம்பேன் துண்டறிக்கையாக அச்சிட்டுப் பார்வையாளர்களுக்குக் கொடுத்தார். 1977இல் எடுத்த ‘செத்தோ’வுக்கு நேர்ந்தது இன்னும் வியப்பு: தலைப்பில் ஒரு ‘த்’ போதும், இரட்டிக்கக் கூடாது என்ற எழுத்துமுறைத் தகராற்றைச் சாக்காக வைத்து அதிபர் செங்கோரின் அரசு படத்தைத் தடை செய்தது. இவ்விரண்டும் 1971இல் வந்த ‘எமிதாய்’யும் சேர்ந்து ஒரே பெட்டியாக 2024இல் அதே நிறுவனத்திலிருந்து வந்திருக்கின்றன. வரலாற்றுக் காலம் என்று பார்த்தால் ‘ஹாலா’ மட்டும்தான் விடுதலைக்குப் பிந்தியது.

கடைசியாக, தமிழ் சப்டைட்டில் செய்ய நினைப்பவர்களுக்கு. ஆங்கிலச் சப்டைட்டிலை மட்டும் வைத்துச் செய்தால் பாதி போய்விடும். குறுநாவலைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். வரிக்கு முப்பத்தைந்து எழுத்துக்குள், இரண்டு வரிக்கு மிகாமல் போடுங்கள். நம் சொற்கள் நீளம், ஆகவே தொகைகளை எண்ணிலேயே எழுதினால் படிக்க நேரம் மிஞ்சும். அலுவலகச் சொற்களுக்கு அகராதி தமிழைத் தேடிப் போக வேண்டாம். ‘மணியார்டர்’, ‘ஸ்டாம்ப்’, ‘போட்டோ’ என்பவை வொலொஃபில் ‘மந்தா’ எப்படி ஒலிக்கிறதோ அப்படியே நம் காதிலும் ஒலிக்கும். ‘பணவிடை’ என்று போட்டால் அந்தச் சொல்லின் பிறப்பே மறைந்துவிடும். அதிகாரப் பத்திரத்துக்கு ‘பவர்’ போதும். குமாஸ்தாக்கள் ஜெங்கிடம் பிரெஞ்சில் பேசும் வரிகளைச் சாய்வெழுத்தில் தந்தால், ஆங்கிலச் சப்டைட்டிலைப் படிக்கும்போது காதால் மட்டும் பிடிக்க வேண்டியிருந்த மொழி மாற்றம் கண்ணுக்கும் தெரியும். அப்து ஜெங்கின் மருமகன், அதாவது உடன்பிறந்தவள் மகன். ‘மாமா’ என்றுதான் கடிதம் தொடங்க வேண்டும். இதில் இன்னொன்றும் சேர்கிறது. குறுநாவலில் மனைவிகள் ஜெங்கை ‘நிஜாய்’ என்று கூப்பிடுகிறார்கள். வொலொஃபில் அந்தச் சொல்லுக்குத் தாய்மாமன் என்று பொருள். மனைவி கணவனை மரியாதையாக விளிக்கும் சொல்லும் அதுவே. ஆங்கிலத்தில் இதற்கு அடிக்குறிப்பு போட்டாக வேண்டும். நமக்குத் தேவையில்லை: மெத்தியின் வாயிலும் ஆராமின் வாயிலும் ‘மாமா’ என்று போடுங்கள், சரியாக உட்காரும்.